பஜ்பஜ் லோக்கல்

ஊரிலிருந்து கொல்கத்தாவுக்கு வரும் உறவினர்கள் பார்க்க வேண்டிய இடங்களை மனதில் எழுதிக்கொண்டுதான் வருகிறார்கள். தட்சிணேஸ்வரம், பேலூர் மடம், காளிகாட், விக்டோரியா. அவற்றையெல்லாம் முடித்த பிறகு ஒரு பகல் மிச்சமிருந்தால் அவர்களைச் சியால்தாவுக்குக் கூட்டிப்போவது என் வழக்கம். அங்கே தெற்குப் பிரிவு நடைமேடையிலிருந்து பஜ்பஜ் லோக்கல் புறப்படும். ஏறக்குறைய 25 கிலோமீட்டர். ஒரு மணி நேரப் பயணம். இறங்கியபின் ஆட்டோவில் கொஞ்ச தூரம் போனால் அச்சிப்பூர். நவீன காலத்தில் சீனர்கள் இந்தியாவில் முதன்முதலாகக் கூட்டமாகக் குடியேறிய இடம் அது.

சென்ற முறை என்னோடு வந்தவர் கும்பகோணத்து அத்தை. கிளம்பும்போதே, “சீனாக்காரங்க கோயிலைப் பார்க்க மின்சார ரயில்ல போறோமா?” என்று கேட்டார். ஆமாம் அத்தை, வாங்க, சன்னலோரமா உட்காருங்க என்றேன். இந்தத் தடத்தில் சன்னலோரம் கிடைத்தால் பாதி வரலாறு தானாக வந்து நிற்கும்.

சியால்தாவின் தெற்குப் பிரிவில் 1862-லேயே ரயில் ஓடத் தொடங்கிவிட்டது. அதிலிருந்து பிரியும் பஜ்பஜ் கிளை 1890-ல் வந்தது. காலை நேரத்தில் எதிர்த்திசையில் வரும் வண்டிகளில் நிற்க இடமிருக்காது. வீட்டுவேலைக்கு நகரத்துக்கு வரும் பெண்கள், வியாபாரிகளுக்கான பெட்டியில் மீன் கூடைகள், தண்ணீர் சொட்டும் கீரைக்கட்டுகள். நகரத்திலிருந்து வெளியே போகும் நம் வண்டியில் ஆசுவாசமாக உட்காரலாம். எலுமிச்சை டீக்காரர், உப்பு தூவிய கொய்யாக்காய் விற்பவர், ஜால்முரிக்காரர் என ஒவ்வொரு நிலையத்திலும் ஒருவர் ஏறுவார். ஜால்முரிக்காரரின் கையை அத்தை இமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார். தகர டப்பாவில் பொரி, வேர்க்கடலை, நறுக்கிய வெங்காயம், பச்சை மிளகாய். மேலே ஊறுகாய் மசாலாவோடு கடுகெண்ணெய். நாலு குலுக்கு. காகிதப் பொட்டலத்தின் உச்சியில் ஒரு கீற்றுத் தேங்காயைச் செருகி நீட்டினார். வண்டி ஆடிய ஆட்டத்தில் ஒரு பொரிகூடக் கீழே விழவில்லை.

முதல் நிலையம் பார்க் சர்க்கஸ். இதன் கிழக்கே டாங்ரா இருக்கிறது. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹக்கா சீனர்கள் அந்தச் சதுப்பு நிலத்தில் தோல் பதனிடும் தொழிலைத் தொடங்கினார்கள். சாதி இந்துக்கள் தொட மறுத்த தொழில் அது. அதனாலேயே அவர்களுக்குப் போட்டி குறைவாக இருந்தது; அதனாலேயே ஊருக்கு வெளியே தள்ளியும் வைக்கப்பட்டார்கள். அவர்கள் கூடி வழிபட்டு வந்த காளி கோயிலில் நூடுல்ஸ் நைவேத்தியம் உண்டு. 1996-ல் உச்ச நீதிமன்றம், சுற்றுச்சூழல் காரணமாகத் தோல் பட்டறைகளை நகருக்கு வெளியே பந்தலாவுக்கு மாற்றச் சொன்னது. சிலர் போனார்கள். பலர் பட்டறையை மூடிவிட்டு அதே இடத்தில் உணவகம் நடத்தினார்கள். இன்னும் பலர் கனடாவுக்கு விமானமேறினார்கள். டொரண்டோவில் இன்று ‘ஹக்கா’ என்று பெயர்ப்பலகை வைத்த உணவகங்களில் பரிமாறப்படும் சில்லி சிக்கனுக்குத் தாய்வீடு இந்த டாங்ராதான்.

நம் ஊர்த் தெருமுனைக்கும் இதில் பங்குண்டு. மாலையானால் தள்ளுவண்டியில் இரும்புச் சட்டி தீப்பிழம்போடு ஆடுமே, அந்தக் கோபி மஞ்சூரியனின் மூத்த உறவு சிக்கன் மஞ்சூரியன். கொல்கத்தாச் சீனக் குடும்பத்தில் பிறந்த நெல்சன் வாங் 1970-களில் மும்பையில் அதை உருவாக்கினார் என்பது பரவலாக ஏற்கப்பட்ட செய்தி. மன்னார்குடியிலும் திண்டுக்கல்லிலும் சாப்பிடுகிறவர்கள், கொல்கத்தாவில் சீனர்கள் வாழ்கிறார்கள் என்று கேட்டால் வியப்படைகிறார்கள். எனக்கு அது ஆற்றாமையாகவே இருக்கிறது. ஒரு சமூகத்தின் சாப்பாடு நாடு முழுக்கப் போய்ச் சேர்ந்திருக்கிறது. அந்தச் சமூகத்தின் கதை ஹூக்ளி ஆற்றின் கரையைத் தாண்டவில்லை.

பாலிகஞ்ச் சந்திப்பில் கானிங், டைமண்ட் ஹார்பர் பாதைகள் நேரே தெற்கே போகின்றன. நம் பாதை மேற்கே திரும்புகிறது. லேக் கார்டன்ஸ், டாலிகஞ்ச். இங்கிருந்து வடக்கே சிறிது தூரத்தில் லேக் மார்க்கெட். அங்கே கறிவேப்பிலையும் வாழைப்பூவும் ஃபில்டர் காபித் தூளும் கிடைக்கும். தலைமுறை தலைமுறையாகத் தமிழர்கள் வாழும் பகுதி. எழுத்தராகவும் கணக்கராகவும் வந்து நிலைத்தவர்களின் பேரப்பிள்ளைகள் இப்போது வீட்டில் தமிழும் வெளியில் வங்காளமும் பேசுகிறார்கள். இந்நகரத்துக்கு வெளியூரிலிருந்து வந்தவர்களில் நாமும் ஒரு வகையினர் என்பதை நினைத்துக்கொண்டே அடுத்த நிலையங்களைக் கடக்கலாம்.

மாஜேர்ஹாட்டில் 2018 செப்டம்பர் 4 அன்று இடிந்து விழுந்த பாலம் இந்தத் தண்டவாளத்தின் குறுக்கேதான் இருந்தது. புதிய பாலம் 2020-ல் வந்தது. இதன் வடமேற்கே கிதிர்பூர் துறைமுகம். கப்பலில் தச்சு வேலை செய்த காண்டன் சீனர்களைத் துறைமுகமும் கப்பல் பட்டறையும் வைத்துக்கொண்டன. அன்றைய கொல்கத்தாவில் தச்சர் என்றால் காண்டன்காரர், செருப்புத் தைப்பவர் என்றால் ஹக்கா, பல் மருத்துவர் என்றால் ஹூபே மாகாணத்துக்காரர் என்று தொழிலை வைத்தே ஊரைச் சொல்லிவிடலாம். பென்டிங்க் தெருவில் ஹக்காக்களின் செருப்புக் கடைகள் வரிசையாக இருந்த காலம் ஒன்று உண்டு.

பிரேஸ் பிரிட்ஜைத் தாண்டினால் சந்தோஷ்பூர், ஆக்ரா. வடக்கே மெட்டியாபுரூஸ். அவத் நாட்டை 1856-ல் கிழக்கிந்தியக் கம்பெனி பறித்துக்கொண்டபின், நவாப் வாஜித் அலி ஷா முறையிட வந்து, திரும்பிப் போகாமலே 1887-ல் இறந்த இடம். அவரோடு வந்த தையற்காரர்களும் சமையற்காரர்களும் இங்கேயே தங்கினார்கள். இன்றும் சந்தோஷ்பூரில் துணி மூட்டையோடு ஆட்கள் ஏறுவார்கள்.

நுங்கி நிலையத்தில் இறங்கினால் பாட்டாநகர். செக் நாட்டுப் பாட்டா நிறுவனம் 1930-களில் ஆற்றங்கரையில் தொழிற்சாலையும் குடியிருப்புமாக எழுப்பிய ஊர். நம் பள்ளிக்கூட நாட்களின் வெள்ளைக் கான்வாஸ் ஷூவை நினைத்துக்கொள்ளுங்கள். பென்டிங்க் தெருவின் சீனக் கைத்தொழிலாளியும் பாட்டாநகரின் எந்திரமும் பல்லாண்டுகள் ஒரே நகரத்தின் காலுக்கு அளவெடுத்தன. அத்தைக்கு இங்கே இறங்கிப் பார்க்க ஆசை. வெயில் ஏறுவதற்குள் ஆற்றங்கரைக்குப் போய்விட வேண்டுமென்று நான் விடவில்லை.

பஜ்பஜ் கடைசி நிலையம். இதன் முழுப்பெயர் இன்று கோமகட்டா மாரு பஜ்பஜ். இந்த நடைமேடையில் சற்று நிற்க வேண்டும். ஏனென்றால் ஒன்றுக்கொன்று எதிரான இரண்டு வருகைகள் இங்கே நடந்தன.

முதலாவது 1897 பிப்ரவரியில். கொழும்பில் இறங்கி, பாம்பன், ராமநாதபுரம், மதுரை, கும்பகோணம் வழியாகச் சென்னை வந்த விவேகானந்தர், அங்கிருந்து கப்பலேறிப் பஜ்பஜ்ஜில் கரை சேர்ந்தார். பிப்ரவரி 19 காலை இங்கிருந்து தனி ரயிலில் சியால்தா போனார். அங்கே மாணவர்கள் வண்டியிலிருந்து குதிரைகளை அவிழ்த்துவிட்டுத் தாங்களே இழுத்தார்கள். “நம்ம கும்பகோணத்துலேர்ந்து இங்கதான் வந்தாரா?” என்று அத்தை மறுபடி ஒருமுறை கேட்டுச் சரிபார்த்துக்கொண்டார்.

இரண்டாவது 1914 செப்டம்பர் 29. ஹாங்காங்கிலிருந்து 1914 ஏப்ரலில் புறப்பட்ட கோமகட்டா மாரு என்ற கப்பல், ஷாங்காய், யோகோஹாமா வழியாக 376 பேரோடு வான்கூவர் போய்ச் சேர்ந்தது. பெரும்பாலோர் பஞ்சாபிச் சீக்கியர்கள். பிரிட்டிஷ் பேரரசின் குடிகள் பேரரசின் இன்னொரு பகுதியில் இறங்க அனுமதி கேட்டார்கள். சொந்த நாட்டிலிருந்து இடைநில்லாமல் வந்தால்தான் அனுமதி என்றது கனடாவின் சட்டம். அப்படி வர இந்தியாவிலிருந்து கப்பலே கிடையாது. இரண்டு மாதம் கடலிலேயே நிறுத்தி வைத்துத் திருப்பி அனுப்பினார்கள். கப்பல் பஜ்பஜ் வந்தபோது உலகப்போர் தொடங்கியிருந்தது. இவர்களைப் பஞ்சாபுக்கு ஏற்றிச் செல்ல ஒரு தனி ரயில் நிலையத்தில் தயாராக நின்றது. பெரும்பாலோர் ஏற மறுத்தார்கள். குரு கிரந்த சாகிபைச் சுமந்தபடி கொல்கத்தாவை நோக்கி நடந்தார்கள். வழிமறித்துத் திருப்பிக் கொண்டுவரப்பட்டார்கள். மாலையில் நிலையத்தருகே துப்பாக்கிச் சூடு. பயணிகளில் சுமார் 20 பேர் செத்தார்கள். தலைவர் குர்தித் சிங் தப்பி, ஆண்டுக்கணக்கில் தலைமறைவாக இருந்து பின்னர் சரணடைந்தார். நிலையத்துக்கு அருகிலுள்ள நினைவுச்சின்னத்தை 1952-ல் நேரு திறந்து வைத்தார். கனடாவின் பிரதமர் 2016-ல் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டார்.

இங்கிருந்து அச்சிப்பூருக்கு ஆட்டோ. ‘சீனாமான்தலா’ என்று சொன்னால் போதும். ஆற்றை ஒட்டிய சாலை, செங்கல் சூளைகள், வாழைத்தோட்டங்கள். ஊரின் பெயரே அச்சியூ என்ற சீனரின் பெயரால் வந்தது. டோங் அச்சியூ என்றும் யாங் தாச்சாவ் என்றும் அவரைக் குறிப்பிடுகிறார்கள். 1770-களின் இறுதியில் வந்தவர். காலையிலிருந்து மாலைக்குள் குதிரையில் எவ்வளவு தூரம் சுற்றி வருகிறாயோ அவ்வளவு நிலம் உனக்கு என்று அன்றைய கவர்னர் ஜெனரல் வாரன் ஹேஸ்டிங்ஸ் சொன்னதாக மக்கள் கதை சொல்கிறார்கள். ஆவணத்தில் உள்ளது வேறு: 650 பிகா (வங்காள நில அளவு) நிலம், ஆண்டு வாடகை 45 ரூபாய். அச்சியூ கரும்பு பயிரிட்டு ஆலை அமைத்தார். சீனாவிலிருந்து நூற்றுச் சொச்சம் கூலியாட்களை ஒப்பந்தத்தில் கொண்டுவந்தார். அந்த ஆட்களைக் கொல்கத்தாவிலிருந்த மற்றச் சீனர்கள் கவர்ந்து இழுக்கிறார்கள் என்று அவர் முறையிட, 1781-ல் அரசு எச்சரிக்கை அறிவிப்பு வெளியிட்டது. 1783 முடிவதற்குள் அவர் இறந்துவிட்டார். தோட்டம் நிலைக்கவில்லை. 1804-ல் விற்பனைக்கு வந்தது. ஆட்கள் மெல்ல மெல்லக் கொல்கத்தா போய்ச் சேர்ந்தார்கள். நகரத்தின் டிரெட்டா பஜார் சீனப் பகுதி அப்படித்தான் வளர்ந்தது.

நமக்குக் குதிரைக் கதை பிடித்துப்போவது இயல்பு. ஆனால் நான் கூட்டிப்போகிறவர்களிடம் 45 ரூபாய் வாடகையைத்தான் அழுத்திச் சொல்வேன். கம்பெனிக்குச் சர்க்கரை வேண்டியிருந்தது, தரிசு விளைநிலமாக வேண்டியிருந்தது. அதனால் அச்சியூவுக்கு இடம் கிடைத்தது. 1914-ல் பேரரசுக்கு அந்தச் சீக்கியர்களால் பயனில்லை, பயம்தான் இருந்தது, துப்பாக்கி கிடைத்தது. 1962 இந்திய-சீனப் போருக்குப் பிறகு சுதந்திர இந்தியாவும் அதே வழியில்தான் நடந்தது. அஸ்ஸாம், டார்ஜிலிங் உள்ளிட்ட பகுதிகளிலிருந்து சுமார் 3,000 சீன வம்சாவளியினரைக் குழந்தைகளோடும் முதியவர்களோடும் பிடித்து ரயிலில் ஏற்றி ராஜஸ்தானின் தேவலி முகாமுக்குக் கொண்டுபோனோம். அஸ்ஸாமிலிருந்து அந்தப் பயணம் ஏறத்தாழ ஒரு வாரம். சிலர் ஆண்டுக்கணக்கில் உள்ளே இருந்தார்கள். பலர் வெளியே வந்தபோது வீடும் கடையும் ஏலத்தில் போயிருந்தன. கொல்கத்தாவில் ஒருகாலத்தில் இருபதாயிரம் வரை இருந்த சீனர்கள் இன்று இரண்டாயிரம் அளவுக்குச் சுருங்கியதில் அந்த ஆண்டுகளுக்கும் பங்குண்டு. கனடா மன்னிப்புக் கேட்டது. தேவலிக்காக இந்தியா இன்னும் கேட்கவில்லை. கேட்க வேண்டும்.

அச்சிப்பூர்க் கோயில் சிறியது. நில தெய்வமும் அவர் துணைவியும் அருகருகே இருக்கிறார்கள். உள்ளூர் மக்கள் குதா-குதி என்று அழைக்கிறார்கள். அத்தை செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். கன்னத்தில் போட்டுக்கொண்டார். வெளியே வந்து, “எல்லைச் சாமி மாதிரி இருக்குப்பா” என்றார். சரிதான். ஊரின் மண்ணைக் காக்கிற தெய்வம்தான் அது. இவ்வளவு தூரம் வந்து சாமியையும் கொண்டுவந்தார்களா என்று கேட்டதற்கு, நம்மவர்களும் அதைத்தான் செய்தார்கள் என்றேன். சீனத் துறைமுகமான சுவான்ஜோவில் தமிழ் வணிகர்கள் குப்ளாய் கானின் காலத்தில் சிவன் கோயில் எழுப்பினார்கள். 1281-ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு அங்கே கிடைத்திருக்கிறது.

கல்லறை கோயிலிலிருந்து தள்ளி ஆற்றோரத்தில் இருக்கிறது. லாட வடிவம், சிவப்புப் பூச்சு. அரைவட்டச் சுவரின் இரு கைகளும் முன்னால் நீண்டு தழைகின்றன. நடுவில் நின்றால் முழங்காலளவுக்குச் சற்று மேலே மேடை. ஊதுபத்திக் குச்சிகளின் சிவந்த அடிக்கட்டைகள் மண்ணில் குத்தி நின்றன. மெழுகு உருகி வழிந்து கட்டியாகியிருந்தது. ஆலையோ கரும்போ எதுவும் மிஞ்சவில்லை.

நீங்கள் போவதாக இருந்தால் சீனப் புத்தாண்டை அடுத்து வரும் ஞாயிற்றுக்கிழமைகளில் போங்கள். பெரும்பாலும் பிப்ரவரி. அப்போது கொல்கத்தாச் சீனக் குடும்பங்கள் பேருந்திலும் காரிலும் வந்து இறங்கும். வறுத்த பன்றி, கோழி, பழங்கள், மது, கட்டுக்கட்டாக ஊதுபத்தி, கடைசியில் பட்டாசு. வெளிநாட்டுக்குப் போனவர்களும் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வருவதுண்டு. உள்ளூர் இந்துக்களும் முஸ்லிம்களும் கடை போடுவார்கள். படம் எடுக்கும் முன் கேளுங்கள். படையல் முடியும்வரை காத்திருங்கள். பெரியவர்கள் யாராவது பேச முன்வந்தால் டாங்ராவைப் பற்றிக் கேளுங்கள், அப்பா என்ன தொழில் செய்தார் என்று கேளுங்கள். 1962-ஐப் பற்றி அவர்களாகச் சொன்னால் மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.