கும்மிடிப்பூண்டியில் உருகும் இரும்பு

சென்னையிலிருந்து வடக்கே புறநகர் ரயிலில் மீஞ்சூர், பொன்னேரி தாண்டினால் கும்மிடிப்பூண்டி. 1971-ல் பிறந்த ‘சிப்காட்’ ஸ்தாபனத்தின் தொழிற்பேட்டையைக் காண அங்கே சென்றோம்.

பழைய இரும்பு உலையில் உருகி, வீடு தாங்கும் கம்பியாக வெளிவருகிறது. அந்த அனலருகே நிற்பவர்களில் பலர் பீகாரிலிருந்தும் ஒடிஸ்ஸாவிலிருந்தும் வந்தவர்கள். டீக்கடைகளில் தமிழும் ஹிந்தியும் கலந்தே ஒலிக்கின்றன.

சுதந்திரம் பெற்ற எட்டாம் ஆண்டில், 1955 ஜனவரியில், இன்று இதே ஜில்லாவைச் சேர்ந்த ஆவடியில் காங்கிரஸ் மகாசபை கூடிற்று. சமதர்ம முறைச் சமுதாயமே லட்சியம் என்று தீர்மானித்தது. ஆலைகள் எழுந்துவிட்டன, மெய்தான். ஆனால் கம்பி வடிக்கும் தொழிலாளியின் குழந்தை எங்கே படிக்கிறது? உபாத்தியாயர்களாகிய நம் கேள்வி அதுவே. அக்குழந்தைக்கும் நம் வகுப்பில் ஓர் இடம் கிடைக்கும் நாளில்தான் தேச நிர்மாணம் பூர்த்தியாகும்.