முதலில் தூரைப் பார்

திருப்பத்தூரிலிருந்து பொன்னமராவதி போகும் வழியில் இருக்கிறது நெற்குப்பை. மாவட்டம் மாவட்டமாகச் சுற்றி எழுதிய சோமலெ பிறந்த ஊர். செட்டிநாட்டு வீடுகளைப் பார்க்க வருகிறவர்கள் தேக்கு நிலைகளையும் தூண்களையும் அண்ணாந்து பார்த்துவிட்டுப் போகிறார்கள். நான் போனது உயிரோடு நிற்கும் மரங்களைப் பார்க்க. எது நிற்கும், எது விழும் என்று சொல்லத் தெரிந்த மரம் வெட்டும் தொழிலாளர்களோடு சேர்ந்து பார்க்க.

ஐப்பசி மழைக்கு முன்னால் அவர்களுக்கு ஓய்வே இல்லை. குழுவின் மூத்தவருக்கு அறுபது வயதைத் தாண்டியிருக்கும். மற்றவர்களுக்கு அவர் 'மாமா'. ஒரு பெரிய வீட்டின் பின்புறம் நின்ற புளியமரத்தைக் காட்டி, "பொந்து விழுந்த மரம்ப்பா, வீட்டு மேல சாஞ்சா என்ன பண்றது? அடியோட எடுத்துருங்க" என்றார் அந்த வீட்டு ஆச்சி.

"இருங்க ஆச்சி, பார்த்துட்டுச் சொல்றேன்" என்று சொல்லிவிட்டு, மரத்தைவிட்டு விலகி நடந்தார் மாமா. தூரத்தில் நின்று உச்சியைப் பார்த்தார். நுனிக்கொப்புகள் காய்ந்திருந்தால் வேரில் கோளாறு இருக்கலாம். உச்சி பச்சையாகவே இருந்தது. பிறகு தூரைச் சுற்றி வந்து, மண்வெட்டியால் மேல்மண்ணைக் கொஞ்சம் விலக்கி, பக்கவேர்களைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்த்தார். கெட்டியாக இருந்தன. காளான் இல்லை. கோடாலியின் பின்பக்கத்தால் அடிமரத்தைச் சுற்றிச் சுற்றித் தட்டினார். பொந்துக்கு நேரே 'தொப்'பென்றது. இரு பக்கங்களிலும் 'கணீர்' என்றது.

கயிற்றைச் சுற்றி அளந்ததில் சுற்றளவு எட்டடி. குறுக்களவு ஏறக்குறைய முப்பது அங்குலம். பொந்துக்குள் விட்ட கம்பி ஒன்றரை அடி போய் எதிர்ச்சுவரில் முட்டி நின்றது. அந்தப் பக்கம் ஓரடிக் கனத்துக்கு நல்ல மரம் மிச்சமிருக்கிறது என்று அர்த்தம். "வைரம் இருக்கு ஆச்சி. மரம் நிக்கும். கூரை மேல போற அந்த ஒரு கொப்பை மட்டும் குறைச்சா போதும்" என்றார்.

ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூவில் கிளாஸ் மாட்டெக் என்ற இயற்பியலாளர், விழுந்த மரங்களையும் நின்ற மரங்களையும் அளந்து ஒரு கணக்குச் சொன்னார். உள்ளே பொந்தானாலும், சுற்றிலும் மிஞ்சிய நல்ல மரத்தின் கனம் ஆரத்தில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் இருந்தால் மரம் பெரும்பாலும் தாங்கும். பொந்தின் வாய் அகலமானால் இன்னும் கவனம் தேவை. இந்தப் புளிக்கு ஐந்து அங்குலம் வேண்டும். எதிர்ப்பக்கத்தில் அதைவிட இரண்டு மடங்குக்கு மேலேயே இருந்தது. மாமா அந்தக் கணக்கைப் படித்ததில்லை. கம்பியும் கோடாலியும் அவரை அங்கேயே கொண்டுபோய்ச் சேர்த்தன.

கொப்பை அறுத்த விதமும் கவனிக்கத் தக்கது. மேலே ஏறிய இளைஞர் முதலில் அடிப்பக்கம் சிறு வெட்டுப் போட்டார். "அடி வெட்டு போடாம மேல அறுத்தா, கொப்பு தொங்கி மரத்துப் பட்டையை உரிச்சிக்கிட்டு வந்துரும் சார்." கடைசி வெட்டில், கொப்பு புறப்படும் இடத்து வீக்கத்தைத் தொடாமல் விட்டார். அமெரிக்க வனத்துறை ஆய்வாளர் அலெக்ஸ் ஷைகோ, ஆயிரக்கணக்கான மரங்களை அறுத்துப் பார்த்து 1970களில் இதன் காரணத்தை விளக்கினார். மரம் தன் காயத்தை ஆற்றுவதில்லை. சுற்றிச் சுவரெழுப்பி அடைத்துவிடுகிறது. அந்தச் சுவர் எழும்புவது கொப்பின் கழுத்து வீக்கத்தில்தான். அதையும் சேர்த்துச் சீவிவிட்டால் உளுப்பு நேராக நடுமரத்துக்குள் இறங்கும்.

அடுத்துப் பார்த்தது சாலையோரத்து வேம்பு. பார்க்கத் தளதளவென்று இருந்தது. தூரைப் பார்த்ததுமே மாமாவின் முகம் மாறியது. குழாய் பதிக்கத் தோண்டிய பள்ளம் ஒரு பக்கத்து வேர்களை அறுத்திருந்தது. மரம் எதிர்ப்பக்கம் சாய்ந்து, பள்ளத்து ஓரமாக மண் வெடித்து எழும்பியிருந்தது. மேலே கவையில் இரண்டு தண்டுகளுக்கு நடுவே பட்டை நெருக்குண்டு கிடந்தது. அப்படிப்பட்ட கவை ஒட்டாது, காற்றில் பிளக்கும். "சின்னதுல சாஞ்சு, நுனி நிமிர்ந்து வளர்ந்த மரத்துக்குப் பயமில்லை. மண்ணைத் தூக்கிக்கிட்டுப் புதுசா சாயுற மரத்தை ஒருநாள்கூட விடக்கூடாது" என்றார். அதன் நிழலில்தான் பிள்ளைகள் பேருந்துக்கு நிற்கிறார்கள். வெட்டவெளியில் நின்றிருந்தால் அதே மரத்தை விட்டுவைக்கலாம். மரத்தின் குறையோடு அதனடியில் நிற்பது யார் என்பதும் சேர்ந்துதான் ஆபத்தை முடிவு செய்கிறது.

2018 நவம்பர் 16 அன்று கரை கடந்த கஜா புயல், புதுக்கோட்டை தாண்டி இந்தப் பக்கமாகவும் வந்தது. விழுந்த மரங்களை எல்லோரும் எண்ணினார்கள். "விழாம நின்னதைத்தான் சந்தேகப்படணும். வேர் ஆட்டம் கண்டது வெளிய தெரியாது" என்கிறார் மாமா. தென்னையின் அடித்தண்டு அழுகல் நோயும் 1952 புயலுக்குப் பிறகுதான் தஞ்சாவூர்ப் பகுதியில் கண்டறியப்பட்டு, 'தஞ்சாவூர் வாடல்' என்று பெயர் பெற்றது. தூரில் செம்பழுப்பாகச் சாறு வடிவது அதன் அடையாளம்.

2022 ஜூலை 8 அன்று சண்டிகரில் ஒரு பள்ளி வளாகத்தில், பாரம்பரிய மரமென்று பாதுகாக்கப்பட்ட சுமார் 250 வயது மரம் விழுந்து மாணவி ஒருவர் இறந்தார். பாதுகாப்பதென்றால் வெட்டாமல் விடுவது மட்டுமல்ல. ஆண்டுதோறும் தூரைத் தட்டிப் பார்ப்பதும்தான். பயத்தில் நல்ல புளியை வெட்டுவதும், பாசத்தில் வேரறுந்த வேம்பை விட்டுவைப்பதும் பார்க்காததால் வரும் தவறுகளே.

ஒவ்வொரு பேரூராட்சியும் ஆவணி, புரட்டாசியிலேயே பள்ளி, சந்தை, பேருந்து நிறுத்த மரங்களை இந்தத் தொழிலாளர்களைக் கொண்டு பார்க்க வேண்டும். பார்ப்பதற்கும் கூலி கொடுக்க வேண்டும். தூரைச் சுற்றி சிமென்ட் பூசுவதையும் வேரறுத்துப் பள்ளம் தோண்டுவதையும் நிறுத்த வேண்டும். வெறுங்காலோடு ஒற்றைக் கயிற்றை நம்பி ஏறுகிற இவர்களுக்குத் தலைக்கவசமும் இடுப்புப் பட்டையும் விபத்துக் காப்பீடும் வேண்டும். உங்கள் வீட்டு மரத்தில் சந்தேகம் வந்தால், வெட்டச் சொல்லாதீர்கள், பார்க்கச் சொல்லுங்கள். அதையும் மழை தொடங்குமுன் சொல்லுங்கள்.