கின்ஷாசாவின் ராத்திரி

காங்கோ ஜனநாயகக் குடியரசின் தலைநகர் கின்ஷாசாவில் மத்தோங்கே என்று ஒரு பகுதி. இருட்டியதும் பிளாஸ்டிக் நாற்காலிகள் தெருவுக்கு வந்துவிடும், பீர் பாட்டில்கள் திறக்கும், ரும்பா இசை தொடங்கும். காதலும் ஏக்கமுமாக மெதுவாகத்தான் ஆரம்பிக்கும். பாதிக்கு மேல் 'செபென்' என்ற பகுதி வந்ததும் கிடார் வேகமெடுக்கும். அப்புறம் உட்கார்ந்திருக்க முடியாது. 2021இல் யுனெஸ்கோ இந்த ரும்பாவைத் தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. சந்தோஷம்.

ஆனால் என்னை உலுக்கியவர்கள் ஸ்டாஃப் பெண்டா பிலிலி என்ற கின்ஷாசா இசைக்குழுவினர். பெரும்பாலோர் போலியோவில் கால்கள் முடங்கிப்போனவர்கள். மூன்று சக்கர வண்டிகளில் உட்கார்ந்தபடி, அந்த ஊர் உயிரியல் பூங்காவைச் சுற்றிப் பாடிக்கொண்டிருந்தவர்கள். 2009இல் வந்த ஆல்பத்தையும் பெரும்பாலும் அந்தப் பூங்காவின் திறந்தவெளியிலேயே பதிவு செய்தார்கள்.

அவர்களோடு சேர்ந்த ரோஜர் என்ற இளைஞரின் கையைக் கவனியுங்கள். ஒரு தகர டப்பா, வளைந்த குச்சி, ஒற்றைக் கம்பி. அவ்வளவுதான் வாத்தியம். சத்தோங்கே என்று பெயர். குச்சியை வளைத்து வளைத்தே அத்தனை சுரங்களையும் பிடிக்கிறார்! கேட்டால் எலக்ட்ரிக் கிடார் என்றே நினைப்போம்.

ஒரு பாட்டில், பிள்ளைகளுக்குப் போலியோ தடுப்பு மருந்து கொடுங்கள் என்று பெற்றோரிடம் கேட்கிறார்கள். ஆடவைக்கும் தாளத்தில் இதைக் கேட்டபோது எனக்குத் தொண்டை அடைத்தது.

இவர்களைத் தன்னம்பிக்கைக் கதையாகப் பகிர்வதில் எனக்கு உடன்பாடில்லை. அசாத்தியமான இசைக்காரர்கள். அதற்காகவே கேளுங்கள், சத்தத்தைக் கூட்டி வைத்து.