உரிய பெயரில், உரிய இடத்தில்

விழா மலருக்குக் கட்டுரை வரையப் புகும் பழைய மாணவர் பலரும் தம் ஆசிரியர்களையும், விளையாட்டு முற்றத்தையும், விடுதிச் சாப்பாட்டையும் நினைவு கூர்வர். அவற்றை என்னிலும் நன்கு எழுதத் தக்கோர் இம்மலரில் உளர். ஆதலின், கல்லூரி நூலகத்தில் யான் பயின்ற ஒரு சிறு பாடத்தையும், ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் கழித்துச் சற்றும் எதிர்பாராத ஓரிடத்தில் அது பயன்பட்ட விதத்தையும் மட்டும் ஈண்டு எழுத விழைகின்றேன். அவ்விடம், கணினியிலே விளையாட்டுகளை வைக்கும் கோப்புறை. பொருளின் இலேசான தன்மை கண்டு மூத்தோர் முகஞ் சுளியாதிருப்பாராக.

1970களின் நடுப்பகுதியில், மேல்வகுப்பு மாணவர் சிலர் நூலகத்திலே கைப்பணி செய்தல் எங்கள் நாளில் வழக்கமாயிருந்தது. யானும் அவர்களுள் ஒருவன். மெல்வில் டூயி என்னும் அமெரிக்கர் 1876ஆம் ஆண்டில் வெளியிட்ட தசமப் பகுப்பு முறையைக் கைக்கொண்டே நூல்கள் அடுக்கப்பட்டன. தமிழிலக்கியத்துக்கு அம்முறை தரும் எண் 894.811. நூலின் முதுகில் ஒட்டிய எண்ணும், இழுப்பறையிலுள்ள அட்டையில் எழுதிய எண்ணும் ஓர் இலக்கத்தாலேனும் வேறுபடின், தேடி வருபவர் வெறுங்கையோடு திரும்புவர். நூலோ இரண்டு தட்டுக்கு அப்பால் தூசு படிந்து கிடக்கும். "இடந் தவறிய நூல் இல்லாத நூல்" என்று நூலகப் பொறுப்பாசிரியர் எம்மிடம் ஓயாது கூறுவார். அக்காலத்தில் அவ்வுரை எமக்குச் சலிப்பையே தந்தது.

என் தம்பியும் இக்கல்லூரியின் மாணவனே. என்னிலும் பதினைந்து வயது இளையவன். நாட்டு நிலைமை காரணமாக 1992இல் இலண்டன் சென்றான். 1998இல் அங்கே, ஒருவர் பாவித்த பிளேஸ்ரேசன் என்னும் விளையாட்டுப் பொறியொன்றை மலிவாக வாங்கினான். சோனி நிறுவனத்தார் 1994 திசம்பரில் யப்பானிலும் மறு ஆண்டில் ஐரோப்பாவிலும் விற்பனைக்கு விட்ட பொறி அது. 2010இல் ஊருக்கு வந்தபோது அதனை ஒரு பெட்டியிலிட்டு எம் வீட்டில் வைத்துச் சென்றான். பொறியும், 'ஃபைனல் ஃபன்டசி ஏழு' என்னும் 1997ஆம் ஆண்டு விளையாட்டின் இறுவட்டுகள் மூன்றும், விரல் நீளமுள்ள நினைவட்டை ஒன்றும் அப்பெட்டியில் இருந்தன.

2023 ஆகத்து மாத விடுமுறையில் தம்பியின் மகன், அஃதாவது என் பெறாமகன், எம்மிடம் வந்து தங்கினான். பதினேழு வயதுப் பிள்ளை. பெட்டியைக் கண்டதும், "பெரியப்பா, அப்பா இதை எங்கே விட்டவர் எண்டு பார்க்கலாமோ?" என்று கேட்டான். அவன் அறிந்த தகப்பன், இரவெல்லாம் வேலை செய்து பகலில் உறங்கும் மனிதன். அவனும் ஒரு காலத்தில் உட்கார்ந்து விளையாடியவன் என்பதே பிள்ளைக்குப் புதுமையாயிருந்தது. பொறிக்கு மின்னிணைப்புக் கொடுத்தோம். விளக்கு எரிந்தது. ஆயின், இறுவட்டைப் படிக்கும் லேசர்க் கண் மங்கிவிட்டமையால் விளையாட்டுத் தொடங்கவில்லை.

பழைய பொறி செயலிழந்தவிடத்து உதவுவது எமியூலேற்றர் என்னும் மென்பொருள். நாடகத்தில் நடிகன் அரசனாக நடிப்பதுபோல, இன்றைய கணினியைப் பழைய விளையாட்டுப் பொறியாக அது நடிக்கச் செய்யும். பெறாமகன் தன் மடிக்கணினியில் வைத்திருந்தது ரெட்ரோஆர்க் என்பது. 2012 முதல் இப்பெயரால் வழங்கும் இலவச மென்பொருளாகிய அது, பல்வேறு பொறிகளுக்குரிய 'கோர்' எனப்படும் தனித்தனிக் கருக்களை ஒரே கூரையின் கீழ் இயக்குவது. நடிப்புத் திறன் அதற்கு நிரம்ப உண்டு. எனினும் வீட்டிலே எப்பொருள் எங்கே இருக்கின்றதென்று நாமே சொல்லிக் கொடுத்தல் வேண்டும்.

அவ்வொழுங்கை மாணவர்க்குப் பயன்படுமாறு சுருங்கக் கூறுவேன். முதலாவது, விளையாட்டுகளைப் பொறிவாரியாகப் பிரித்து, ஒவ்வொரு பொறிக்கும் ஒரு கோப்புறை அமைத்தல். இரண்டாவது, 'சிஸ்டம்' என்னும் கோப்புறை. பொறியின் பிறவி அறிவாகிய பயோஸ் இங்கே இருக்க வேண்டும். பிளேஸ்ரேசனுக்கு அது 512 கிலோபைற்று அளவுள்ள ஒரு கோப்பு. எங்கள் பொறி எஸ்சிபிஎச்-5502 என்னும் ஐரோப்பிய வகை. கோப்பின் பெயரும் அந்த எண்ணையே சிறிய எழுத்துகளில் தாங்கியிருத்தல் வேண்டும். மூன்றாவது, விளையாட்டு தானே எழுதும் சேமிப்புக்குரிய 'சேவ்ஸ்'. நான்காவது, ஓடும் கணத்தை அப்படியே உறையவைக்கும் பதிவுக்குரிய 'ஸ்ரேற்ஸ்'. இவ்விரண்டையும் ஒன்றென மயங்கலாகாது. உறைந்த பதிவு, கருவின் பதிப்பு மாறினால் திறவாது போதல் உண்டு. விளையாட்டின் சொந்தச் சேமிப்போ வேறு மென்பொருளுக்கும் கொண்டுசெல்லத் தக்கது. நெடுங்காலம் காக்க விரும்புவது பின்னையதையே சார்ந்திருத்தல் நன்று. இவற்றின்மேல், பெயர்ப் பட்டியலுக்கு ஒன்றும், அட்டைப் படங்களுக்கு ஒன்றுமாக இரு கோப்புறைகள் உள. படத்தின் பெயரும் பட்டியலிலுள்ள பெயரும் பொருந்தினாலன்றிப் படம் தோன்றாது.

இனி, இறுவட்டு விளையாட்டுக்கு மட்டும் உரிய ஒரு நுட்பம் உண்டு. இறுவட்டைக் கணினியிற் படியெடுத்தால் இரு கோப்புகள் கிடைக்கும். 'பின்' என்பது பொருள் முழுவதையும் தாங்கிய பெருங் கோப்பு. 'கியூ' என்பது, அப்பெருங் கோப்பின் பெயரையும் தடங்களின் தொடக்கத்தையும் கூறும் சில வரிகளே கொண்ட எழுத்துக் கோப்பு. பெருங் கோப்பின் பெயரை மாற்றி, உள்ளிருக்கும் வரியை மாற்றாது விட்டால் இரண்டுக்கும் உறவு அறும். மூன்று இறுவட்டுகள் உள்ள விளையாட்டுக்கு, மூன்று கியூக் கோப்புகளின் பெயர்களையும் வரிக்கொன்றாக எழுதி, 'எம்3யூ' என்னும் பட்டியற் கோப்பொன்று செய்தல் வேண்டும். அதனாலேயே இறுவட்டை மாற்றும்போது அதே நினைவட்டை தொடர்ந்து செருகப்பட்டிருக்கும்.

பெறாமகன் இவற்றையெல்லாம் விரைவிற் செய்து முடித்தான். இலண்டனிலிருந்து கொண்டுவந்திருந்த சிறு கருவியொன்றால் தகப்பனின் நினைவட்டையையும் படியெடுத்தான். மூன்று இறுவட்டுகளும் சேர்ந்து ஏறத்தாழ 2 கிகாபைற்று. நினைவட்டையோ 131,072 பைற்று. அஃதாவது 128 கிலோபைற்று. விளையாட்டின் பதினாறாயிரத்தில் ஒரு பங்கு! ஆயினும் முதற் பெரும் பொருளை உலகில் எத்தனையோ பேர் ஒன்றுபோல் வைத்திருக்கின்றனர். இச்சிறு பங்கு ஒன்றே என் தம்பியின் கைப்பட்டது.

விளையாட்டைத் தொடங்கினோம். நினைவட்டை வெறுமையாயிருந்தது. பதினைந்து கட்டங்களிலும் ஒன்றுமில்லை. பிள்ளையின் முகம் வாடிற்று. இத்தனை ஆண்டில் அட்டை பழுதாயிற்று என்றே அவன் எண்ணினான். யான் கோப்புறையைத் திறக்கச் சொல்லிப் பார்த்தேன். சேவ்ஸ் என்னும் இடத்திலே, 131,072 பைற்று அளவுடைய கோப்பு இரண்டு இருந்தன. ஒன்று விளையாட்டின் பெயரால் மென்பொருள் அப்போதே உண்டாக்கிய புதிய வெற்றட்டை. மற்றொன்று பிள்ளை வைத்த கோப்பு. அன்பின் மிகுதியால் அதற்கு 'அப்பா' என்று ஆங்கில எழுத்துகளிற் பெயரிட்டிருந்தான். மென்பொருளுக்கு அவ்வுறவு தெரியாது. எம்3யூக் கோப்பின் பெயர் எதுவோ, அப்பெயரையே எழுத்துக்கு எழுத்துச் சேமிப்பிடத்தில் அது தேடுகின்றது. காணாவிடத்துக் குறை கூறுவதுமில்லை, எச்சரிப்பதுமில்லை. புதிய அட்டையொன்றைத் தந்து, எல்லாம் ஒழுங்காயிருப்பதுபோல நடந்துகொள்கின்றது. நூலக இழுப்பறையின் அட்டையும் நூல் முதுகின் எண்ணும் அவ்வேளை என் நினைவுக்கு வந்தன. மென்பொருளை மூடி, வெற்றட்டையை அகற்றி, மூலத்தின் படியொன்றை வேறிடத்தில் வைத்தபின், தகப்பனின் கோப்புக்கு விளையாட்டின் பெயரையே இடுவித்தேன்.

மறுமுறை தொடங்கியபோது நான்கு கட்டங்களில் சேமிப்புகள் தோன்றின. கடைசியானதில் 31 மணி 12 நிமிடம் எனக் காலம் காட்டிற்று. இரண்டாம் இறுவட்டின் நடுப்பகுதி. அவ்விளையாட்டில் பாத்திரங்களுக்கு நாம் விரும்பிய பெயரிடலாம். தலைவனுக்குத் தம்பி தன் வீட்டுப் பெயரை இட்டிருந்தான். அவனுடன் செல்லும் பெருந்தோளனுக்கு 'அண்ணை' என்று பெயர். சிவந்த மயிருடைய நாலுகால் தோழனுக்கு, எம் வீட்டில் வளர்ந்த நாயின் பெயராகிய 'வீமன்'. பிறநாட்டிலே சிறு அறையொன்றிலிருந்து, எங்கள் இருவரையும் உடனழைத்துக்கொண்டே அவன் போர்புரிந்திருக்கின்றான். இருபத்தைந்து ஆண்டுகளாக யான் அதனை அறிந்திலேன்.

அன்றிரவு தொலைபேசியில் தம்பியைக் கேட்டேன். சிரித்தான். "இரவு வேலை துவங்கின பிறகு அதைத் தொடேல்லை, அண்ணை" என்றான். 1999இல் அவன் அவ்வேலையில் அமர்ந்தான். எம் தந்தையாரின் சிகிச்சைக்கும், இடம்பெயர்ந்திருந்த எங்கள் சீவனத்துக்கும் அவ்வூதியமே உதவியது. 31 மணியோடு அவ்விளையாட்டு நின்றதன் காரணத்தைப் பிள்ளைக்கு யான் எடுத்துரைத்தேன். அவன் ஒன்றும் பேசவில்லை, கேட்டுக்கொண்டிருந்தான்.

இது எம் குடும்பத்துக்கு மட்டும் உரிய செய்தியன்று. ஐக்கிய அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 வீதமானவை கடையிற் கிடைப்பதில்லையென, அந்நாட்டு விடியோ விளையாட்டு வரலாற்று மன்றம் ஒன்று 2023இல் வெளியிட்ட ஆய்விற் கண்டது. பழைய தோட்டா வகை விளையாட்டுகள் பலவற்றிற் சேமிப்பு ஒரு சிறு மின்கலத்தை நம்பியிருந்தது. கலம் ஓய்ந்தால் அதுவும் ஓயும். சிறுப்பிட்டி தந்த சி. வை. தாமோதரம்பிள்ளையவர்கள், செல்லரித்த ஏடுகளைத் தேடி ஒப்புநோக்கிக் கலித்தொகையை 1887இல் அச்சேற்றினார். அப்பெருந்தொண்டோடு ஒரு விளையாட்டை ஒப்பிடுதல் தகாது. எனினும் பழையதொரு பொருள் அழியுமுன் அதனைப் புதியதொன்றில் ஏற்றுதலும், ஏற்றியதை உரிய பெயரால் நிறுத்துதலும் எச்சிறு பொருளுக்கும் வேண்டுவனவே.

ஈண்டு ஒன்று சொல்லாது விடலாகாது. எமியூலேற்றர் செய்தல் முறைகேடன்று என அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றமொன்று 2000ஆம் ஆண்டில், சோனிக்கும் கொனெக்ரிக்ஸ் நிறுவனத்துக்கும் இடையிலான வழக்கில் தீர்ப்பளித்தது. ஆயின் பிறர் உரிமையுள்ள விளையாட்டைப் பொருள் கொடாது எடுத்தல் வேறு விடயம். எங்கள் கோப்புறையில் இருப்பவை, தம்பி காசு கொடுத்து வாங்கிய இறுவட்டுகளின் படிகளும், அப்பொறியிலிருந்தே எடுத்த பயோசும் மட்டுமே. மாணவரும் அவ்வாறே ஒழுகுவாராக.

கோப்புறையை ஒழுங்குசெய்தல் வேலை தொடங்குமுன் செய்யும் வெட்டி வேலையென இளைஞர் எண்ணுதல் இயல்பு. அதுவே வேலையின் பாதி என்பது என் துணிபு. மூலத்தின் படியொன்றைத் தொடாமல் வையுங்கள். இன்னொன்றை வேறு வீட்டில் வையுங்கள். இன்னதென்று பிறர் அறியும் பெயரை இடுங்கள். வெறுமையாகத் தோன்றும் எதனையும் அழிக்குமுன், பெயர் பொருந்துகின்றதா என ஒருமுறை பாருங்கள்.

பெறாமகன் இலண்டன் திரும்பிவிட்டான். தகப்பனின் சேமிப்பைத் திறந்தே அவன் ஆட்டத்தைத் தொடர்கின்றான். ஆயினும் அந்நான்கு கட்டங்களின் மேல் ஒருபோதும் எழுதுவதில்லை. தன் ஆட்டத்தை ஐந்தாங் கட்டத்திற் சேமிக்கின்றான்.