கொடுத்ததா, விட்டதா?

ஆங்கிலத்தில் ‘கிவ்’ என்றால் கொடு; ‘அப்’ என்றால் மேலே. இரண்டும் இணைந்தால் ‘மேலே கொடு’ என்றாக வேண்டும். ஆனால் ‘கிவ் அப்’ என்பதற்கு விட்டுவிடு, கைவிடு, இனி இயலாது என ஓய்ந்துவிடு என்பனவே பொருள். வினையோடு ஒட்டிக்கொள்ளும் ஒரு சிறு சொல் அவ்வினையின் முகத்தையே மாற்றிவிடுகிறது. தனித்தனியே அகராதி பார்த்துப் பயனில்லை.

புகைபிடிப்பவர் அப்பழக்கத்தை ‘கிவ் அப்’ செய்கிறார். திருச்சிப் பேருந்தில் கர்ப்பிணிக்கு இருக்கையை விட்டுக்கொடுப்பவரும் அதையே செய்கிறார். ‘இட்’ போன்ற பிரதிப்பெயர் வந்தால் நடுவில்தான் அமரும்: ‘கிவ் இட் அப்’. பின்னால் ‘ஆன்’ சேர்த்து ஒரு மனிதரைக் குறித்தால், அவர்மீது நம்பிக்கை இழந்தோம் என்று பொருள். இவற்றுள் கொடியது இதுவே என்பது நம் எண்ணம்.

யோவான் நற்செய்தி 19ஆம் அதிகாரம் 30ஆம் வசனத்தில் ஆண்டவர் உயிர்விட்டதை, 1611இல் வெளிவந்த ஆங்கில விவிலியம் இவ்வினையாலேயே குறிக்கிறது. குருமடத்தில் கிரேக்க மூலத்தைப் புரட்டியபோது அங்கே கண்டது ‘பரெதோக்கென்’ என்னும் சொல். ஒப்படைத்தார் என்பது அதன் பொருள். யூதாசு அவரைக் காட்டிக்கொடுத்ததற்கும் நற்செய்தியாளர் அதே வினையைத்தான் ஆள்கிறார்! கொடுப்பது ஒன்றுதான், யார் கையில், எதற்காக என்பதில்தான் வேற்றுமை.

இந்த ஆராய்ச்சியெல்லாம் நம் கிளைப்பங்கு ஒன்றைச் சேர்ந்த அம்மையார் முன் உதவவில்லை. புதுக்கோட்டை மாவட்டத்தில் ஷீலா ராணி சுங்கத் ஆட்சியராக இருந்தபோது, 1991-92இல் பெரும் எழுச்சியாகப் பரவிய அறிவொளி இயக்கத்தில் எழுத்தும் மிதிவண்டியும் ஒருசேரக் கற்ற பெண்களுள் அவரும் ஒருவர். கல்லுடைத்து மகனைப் பட்டதாரியாக்கினார். அரசுப் பணித் தேர்வில் நான்கு முறை தவறிய அம்மகன், அலைபேசியில் நண்பனிடம் “ஐ கிவ் அப்” என்றது அவர் காதில் விழுந்திருக்கிறது. ஞாயிறு திருப்பலி முடிந்ததும் வந்து நின்றார்.

“கிவ்னா கொடுக்கிறதுதானே, சாமி? எம்புள்ள எதைக் கொடுத்துட்டான்? யாருக்குக் கொடுத்தான்?”

விற்கவோ அடகு வைக்கவோ அவ்வீட்டில் எஞ்சியிருந்தது அரைக்காணி மானாவாரி நிலம் மட்டுமே. அவர் அச்சம் நமக்குப் புரிந்தது.

“நிலத்தைப் பத்தி இல்லம்மா. பரீட்சை எழுதுறதை விட்டுட்டேன்னு சொல்லியிருக்கான்” என்றோம்.

நிலம் தப்பியது என்று அவர் ஆறுதல் அடைவார் என எதிர்பார்த்தோம். முகம் இன்னும் வாடியது. கோயில் படியில் அமர்ந்து நெடுநேரம் முந்தானையை விரலில் சுற்றிக்கொண்டிருந்தார்.

“விட்டுட்டான்னு சொல்லாதீங்க, சாமி. நிறுத்தி வச்சிருக்கான்.”

ஆங்கிலம் ‘அப்’ கொண்டு செய்வதைத் தமிழ் துணைவினை கொண்டு செய்கிறது. ‘விடு’ என்பதை எடுத்துவிட்டு ‘வை’ என்பதை அவர் இட்டார். விட்டது போயிற்று, வைத்தது இருக்கிறது. இலக்கண நூல் எதையும் அவர் தொட்டதில்லை.

மகன் இப்போது கீரனூரில் ஓர் உரக்கடையில் கணக்கு எழுதுகிறான். தேர்வுப் புத்தகங்களைப் பழைய விலைக்குப் போட அவர் இன்றுவரை இசையவில்லை.