ஒன்றரை அடி

ஆஸ்திரேலியா வருஷத்துக்குச் சுமார் 7 சென்டிமீட்டர் வடகிழக்கே நகர்கிறது. 1994 நிலவரப்படி குறித்த அட்சரேகை, தீர்க்கரேகை எண்களை அந்த நாட்டுக்காரர்கள் நிலத்தோடு சேர்த்தே கட்டிவைத்திருந்தார்கள். நிலம் போனால் எண்ணும் கூடப் போகும். ஜிபிஎஸ் அப்படியில்லை, மொத்த பூமியையும் வைத்துக் கணக்குப் போடுவது. 2020 கணக்கில் இரண்டுக்கும் வித்தியாசம் 1.8 மீட்டர். ஆளில்லாமல் ஓடும் டிராக்டர் பயிர் வரிசையையே மிதித்துவிடும். எல்லா எண்களையும் மாற்றினார்கள்.

மேப் மென்பொருள் எழுதுவது என் பிழைப்பு. இந்தியத் தட்டு ஆசியாவில் மோதி 5 கோடி வருஷம் ஆச்சு, இமயமலை எழுந்தது என்பதெல்லாம் பள்ளிக்கூடத்துப் பாடம். அத்தனை பெரிய எண் என்னை ஒன்றும் செய்வதில்லை. வருஷத்துக்கு 5 சென்டிமீட்டர் என்பது செய்கிறது. எனக்கு வயசு 34. பிறந்த இடம் இப்போது 1.7 மீட்டர் தள்ளி இருக்கிறது. கிட்டத்தட்ட என் உயரம்.

ஊரில் அப்பாவுக்கும் பெரியப்பாவுக்கும் வரப்புத் தகராறு. ஒன்றரை அடிக்காக 19 வருஷமாகப் பேச்சு இல்லை. போன பொங்கலுக்குச் சொன்னேன்.

"தகராறு ஆரம்பிச்சதுலேர்ந்து நம்ம வயலே மூணு அடி நகர்ந்துருச்சுப்பா."

அப்பா கொஞ்சம் யோசித்தார். "அவரு வயலு?"

"அதுவும்தான்."

"அப்ப அந்த ஒன்றரை அடி அப்படியேதானே இருக்கு."

ஒரு புவியியலாளரும் இதையேதான் சொல்வார். தட்டின் உள்பக்கம் இருக்கிற இரண்டு கற்கள் சேர்ந்தே பயணம் போகும், இடைவெளி மாறாது. பரங்கிமலை அருகே 1802-இல் லாம்ப்டன் அளந்த அடிக்கோடு இதுவரை சுமார் 11 மீட்டர் போயிருக்கும், இரண்டு முனையும் ஒன்றாக.

கணக்குத் தீருவதெல்லாம் விளிம்பில். இமயமலை அடிவாரத்தில் இந்தியத் தட்டு உள்ளே நுழையும் இடம் பெரும்பாலும் பூட்டிக்கிடக்கிறது. பின்னாலிருந்து தள்ளுவதோ நிற்பதில்லை. நேபாளத்தில் மட்டும் வருஷத்துக்குச் சுமார் 2 சென்டிமீட்டர் பாக்கி விழுகிறது. பாறை அதை வளைந்து தாங்கிக்கொள்கிறது, முடிகிறவரை. 2015 ஏப்ரல் 25 மதியம் காத்மாண்டு பகுதி சில நொடிகளில் ஒரு மீட்டருக்கு மேல் தெற்கே நகர்ந்தது. கிட்டத்தட்ட 9,000 பேர் செத்துப்போனார்கள். அத்தனைக்கும் தீர்ந்தது ஒரு துண்டு மட்டும்.

மேற்கு நேபாளத்தில் கடைசியாகப் பெரிய நிலநடுக்கம் வந்தது 1505-இல். 500 வருஷத்துக்குமேல் ஆச்சு. வருஷத்துக்கு 2 சென்டிமீட்டர் என்று வைத்தால், 10 மீட்டர்.