குழாயின் வளைவு

கொல்கத்தாவில் ஆவணப்படங்களுக்குப் பழைய படச்சுருள்களைத் தேடித் தருவது என் தொழில். அதில் நான் செய்த ஒரு பொய்யை எழுதுகிறேன். கவனக்குறைவு அல்ல. தெரிந்தே செய்தேன்.

1947 பிரிவினை பற்றிய படம் அது. சியால்டா ரயில் நிலையத்தின் பக்கம் வந்து சேர்ந்த அகதிகளின் காட்சி வேண்டும் என்றார் இயக்குநர். அந்த ஆண்டுக் காட்சிகள் அரிது. அரசின் செய்திப்படப் பிரிவை 1946இல் மூடிவிட்டார்கள். அதன் இடத்தில் பிலிம்ஸ் டிவிஷன் 1948இல்தான் வந்தது. இடையில் படம் எடுத்தவர்கள் வெளிநாட்டுச் செய்திப்படக்காரர்களும் தனியார் சிலரும்தான். இதைச் சொல்லி, "கிடைக்கவில்லை" என்றிருக்கலாம். என் வாயில் வரவில்லை. கேட்டதைக் கொண்டுவந்து தருபவன் என்று டாலிகஞ்ச் சினிமா வட்டாரத்தில் எனக்கொரு பேர் இருந்தது. அது போய்விடுமோ என்று பயந்தேன்.

கையில் 1971ஆம் ஆண்டுச் சுருள் ஒன்று இருந்தது. அந்த ஆண்டு கிழக்கு வங்காளத்திலிருந்து ஏறக்குறைய 1 கோடிப் பேர் இந்தியாவுக்குள் வந்தார்கள். கொல்கத்தாவை ஒட்டிய சால்ட் லேக் நகரம் அப்போது உருவாகிக்கொண்டிருந்தது. சாக்கடைக்குப் பதிக்கக் கிடந்த சிமெண்டுக் குழாய்களுக்குள் பல குடும்பங்கள் ஒண்டியிருந்தன. சுருளில் ஒரு தாய், மடியில் குழந்தையோடு. அவள் தலைக்கு மேலே குழாயின் வளைவு.

பழைய படம் 4:3. இன்றைய திரை 16:9. மேலும் கீழும் வெட்டித்தான் பொருத்துவோம். நான் மேலே கூடுதலாக வெட்டினேன். வளைவு போயிற்று. 1947 என்று எழுதி அனுப்பினேன்.

திரையிடலில் ஒரு பெரியவர் எழுந்தார். ஓரத்தில் குழாயின் விளிம்பு மிஞ்சியிருந்தது. நான் பார்க்காததை அவர் பார்த்துவிட்டார். "இது சால்ட் லேக். இந்தக் குழாய்களில் நான் இருந்திருக்கிறேன். என் தங்கை காலராவில் போனது அங்கேதான்" என்றார். இயக்குநர் என் பக்கம் திரும்பினார். "குறிப்பெடுத்ததில் தவறு" என்றேன்.

குறிப்பெடுத்தவள் என் உதவியாளர். வேலைக்கு வந்து எட்டு மாதம். "சால்ட் லேக், 1971, குழாய்" என்று சரியாகத்தான் எழுதியிருந்தாள். அந்தத் தாள் அப்போது என் பையில் இருந்தது. நான் எடுக்கவில்லை. இனி அவள் வேண்டாம் என்றார்கள் படக்குழுவினர். சரி என்றேன். கணக்கை முடித்துச் சம்பளத்தைக் கையில் கொடுத்தவனும் நான்தான். அவள் என் முகத்தைப் பார்த்தாள். ஒன்றும் கேட்கவில்லை.

ஒரு குடும்பத்தின் துக்கத்தை வேறொரு ஆண்டின் கணக்கில் எழுதினேன். ஒரு பெண்ணின் சரியான வேலையைத் தவறு என்றேன். இரண்டும் என் பேருக்காக.

அந்தத் தாளையும் வெட்டாத காட்சியையும் இப்போது இயக்குநருக்கு அனுப்பிவிட்டேன். காட்சியை மாற்றும் செலவு என்னுடையது என்றும் எழுதியிருக்கிறேன். அவள் வீடு என் வீட்டிலிருந்து நடந்து போகும் தூரம். இன்னும் போகவில்லை.